குரல் மட்டும் வேறொருத்தர்

நீங்க என்ன கேக்கப் போறீங்கன்னு எனக்குத் தெரியும் தம்பி. சமயபுரத்துல ஏறினதுலேர்ந்து மூணு தரம் திரும்பிப் பாத்துட்டீங்க. 'சாரை எங்கயோ பாத்திருக்கேனே'ன்னு. அதானே? தப்பா எடுத்துக்கல. எல்லாரும் கேக்கறதுதான். பேங்க்குல இருந்தீங்களாம்பாங்க. எங்க ஸ்கூல் ஹெட்மாஸ்டரான்னு கேப்பாங்க. கும்பகோணத்துல ஒரு அம்மா, நீங்க எங்க வீட்டுக்காரரோட ஒண்ணுவிட்ட தம்பிதானேன்னு அடிச்சுச் சொன்னாங்க. நானும் ஆமாம்மான்னு சொல்லி ஒரு டீ குடிச்சுட்டு வந்தேன்.

போலீஸ் உடுப்புல நெனச்சுப் பாருங்க. தொப்பியைக் கக்கத்துல வெச்சுக்கிட்டு, 'யூ ஆர் அண்டர் அரெஸ்ட்.' ஆங், இப்பப் பிடிபட்டுச்சா? அதே ஆளுதான். புளியங்குடி ராஜவேலு. டைட்டில்ல இருபது பேரோட பொடி எழுத்துல வரும். நீங்க படிக்கறதுக்குள்ள போயிடும்.

இன்ஸ்பெக்டரா மட்டும் அறுபத்தோரு படம் தம்பி. டாக்டரா நாப்பதுக்குக் கிட்ட. கண்ணாடியைக் கழட்டிட்டு, 'ஸாரி, எங்களால முடிஞ்சதைச் செஞ்சுட்டோம்.' ஜட்ஜா எத்தனைன்னு நான் எண்ணல. போலீஸ் உடுப்பு நான் சொந்தமாவே தெச்சு வெச்சிருந்தேன். கம்பெனி உடுப்பு ஒருத்தருக்கும் பொருந்தாது, தோள்பட்டை தொங்கும். ராஜவேலுவைக் கூப்பிட்டா உடுப்போட வந்துருவான்னு பேராகிப்போச்சு. பாதிப் படம் அதுல வந்ததுதான். மீதிப் பாதி இந்தக் குரல்ல வந்தது. கேக்கறீங்கல்ல, எழுபத்தஞ்சு வயசுல எப்படி இருக்கு பாருங்க. நாடகத்துல மைக் இல்லாம கடைசி வரிசைக்குப் பேசின குரல். பத்தொம்பது வயசுல இந்தக் குரலை நம்பித்தான் மெட்ராஸுக்கு வந்தேன்.

அந்தக் குரலைத்தான் எடுத்துட்டாங்க.

சொல்றேன். சென்னை போய்ச் சேர இன்னும் அஞ்சு மணி நேரம் இருக்கு. உங்களுக்குத் தூக்கம் வந்தா தூங்குங்க, நான் ஒண்ணும் நெனச்சுக்க மாட்டேன்.

இப்ப வருது பாருங்க பெரம்பலூர், இங்கேர்ந்து கிழக்கால போனா அரியலூர். அதைத் தாண்டி ஒரு ரயில்வே கேட்டு. எண்பத்தஞ்சாம் வருஷம் நாப்பது நாள் அங்க கிடந்தேன். சத்தியசீலன்னு ஒரு டைரக்டர், சின்ன வயசு, தாடி வெச்சிருப்பாரு. ஒருநாள் சாலிகிராமத்துல எங்க வீட்டுக்கே வந்துட்டாரு. "அண்ணே, ஒரு கேட் கீப்பர் கதை. நீங்கதான் பண்ணணும்." எந்த சீன்ல வருவான் அந்த கேட் கீப்பர்னு கேட்டேன். "எல்லா சீன்லயும் அண்ணே"ன்னாரு. என் வீட்டுக்காரி கோமதி காப்பி கொண்டு வந்தவ அப்படியே நின்னுட்டா. எல்லா சீன்லயும்! பதினேழு வருஷமா ஒருத்தர் வாயிலேர்ந்து அந்த வார்த்தையை நான் கேட்டதில்லை.

படம் பேரு 'இருபத்தேழாம் கேட்'. நீங்க பாத்திருக்க மாட்டீங்க. ஓடல. இருபத்தஞ்சு வருஷம் ஒரே கேட்டுல வேலை பாத்தவன், கேட்டை எடுத்துட்டுப் பாலம் கட்டறாங்க, அவனுக்குக் கடைசி நாள். அதான் கதை. பாட்டு கிடையாது, சண்டை கிடையாது. ஆனா வசனம் இருந்துச்சு தம்பி. அப்படி வசனம். ராத்திரி லாட்ஜுல படுத்துக்கிட்டு சொல்லிச் சொல்லிப் பாப்பேன். பக்கத்து ரூம்காரன் செவுத்தைத் தட்டுவான்.

கடைசி ஷாட்டு ஒண்ணு. சாயங்காலம் நாலு பத்துக்கு ஒரு பாசஞ்சர் வரும். நெஜ ரயில். நான் பச்சைக் கொடியைப் பிடிச்சுக்கிட்டு நிக்கணும். ரயில் போயிடும். போன பிறகும் கொடியை இறக்காம நிக்கணும். அவ்வளவுதான். வசனம் இல்ல. ஒரு நாளைக்கு ஒரு ரயில், ஒரு டேக். முத நாள் எடுத்தோம். "மூஞ்சில துக்கம் தெரியுதுண்ணே"ன்னாரு. ரெண்டாம் நாள் எடுத்தோம். "இன்னும் நடிக்கறீங்கண்ணே. எனக்கு மூஞ்சியில ஒண்ணுமே வேணாம்." ஒண்ணுமே வேணாம்னா எதுக்கய்யா என்னைக் கூப்பிட்டேன்னு உள்ளுக்குள்ள எரிச்சல். அப்புறம் மூணு நாள் மழை பிடிச்சுக்கிச்சு. ரயில்வேல குடுத்த அனுமதி முடியற கடைசி நாளு, பளீர்னு வெயில். ஐப்பசி வெயில், நல்ல மஞ்சள் வெயில். சத்தியசீலன் கையைப் பிசைஞ்சுக்கிட்டுத் திரியறாரு.

அன்னிக்கு மதியானம் பன்னெண்டு மணி இருக்கும். லாட்ஜுலேர்ந்து ஒருத்தன் சைக்கிள்ல வந்து ஒரு துண்டுச் சீட்டைக் குடுத்துட்டுப் போனான். கோமதி காலையில மருந்துக்கடைலேர்ந்து டிரங்க் கால் போட்டிருக்கா. 'பையனுக்குக் கடுங்காய்ச்சல், கழுத்து திரும்பலை, உடனே வரவும்.' அவ்வளவுதான் எழுதியிருந்துச்சு.

பையன் குகன். அப்ப மூணு வயசு.

நான் யாருகிட்டயும் சொல்லல. சீட்டை மடிச்சு கேட் கீப்பர் சட்டைப்பைக்குள்ள வெச்சுக்கிட்டேன். நீங்களே சொல்லுங்க, நாலு மணி நேர விஷயம். சொல்லியிருந்தா சத்தியசீலன் போங்கண்ணேன்னு அனுப்பியிருப்பாரு. நல்ல மனுசன், அனுப்பியிருப்பாரு. அனுப்பிட்டா ஷாட்டு இல்ல. ஷாட்டு இல்லேன்னா படமே இல்ல. பிள்ளைங்கன்னா காய்ச்சல் வரத்தான் செய்யும். ரயில் வந்துச்சு. நின்னேன். போயிடுச்சு. நின்னேன். கட் சொல்லவே இல்லையேன்னு பாத்தா, சத்தியசீலன் அழுதுக்கிட்டிருக்காரு. ஓடி வந்து கட்டிக்கிட்டாரு. "இதத்தாண்ணே கேட்டேன்! இதத்தான் கேட்டேன்!"

அப்புறம்தான் சீட்டை எடுத்துக் காமிச்சேன். இப்பத்தான் வந்துச்சுன்னேன். உடனே வேன்ல கொண்டாந்து பஸ்ஸேத்தி விட்டாங்க. திண்டிவனத்துல ரோட்டு மேல வெள்ளம். விடியற வரைக்கும் வண்டி நகரல. அதுக்கு நான் பொறுப்பில்லை. மறுநாள் பதினோரு மணிக்கு வீட்டுக்குள்ள நுழையறேன், எங்க தெருவுலயும் முழங்கால் அளவுக்குத் தண்ணி. கோமதி கட்டில் மேல பையனை மடில போட்டுக்கிட்டு உக்காந்திருக்கா. அக்கம்பக்கத்துல யாரும் இல்ல. அவரு வந்துருவாரு, வந்துருவாருன்னு உக்காந்திருந்திருக்கா. தூக்கிட்டு ஓடினேன். "நேத்தே கொண்டு வந்திருக்கக் கூடாதா?"ன்னாரு டாக்டர். கண்ணாடியைக் கழட்டல. நான் கவனிச்சேன், நெஜ டாக்டர் யாரும் கண்ணாடியைக் கழட்டறதில்ல.

உசுரு தப்பிச்சுக்கிச்சு. மூளைக்காய்ச்சல்ல உசுரு தப்பறதே பெரிசு. காது மட்டும் போயிடுச்சு. ரெண்டு காதும். அதுக்கு முன்னாடி நல்லாப் பேசிக்கிட்டிருந்தான், அப்பா அப்பாம்பான். கொஞ்ச நாள்ல அதுவும் நின்னு போச்சு. என்ன பண்றது.

"எப்ப சேதி வந்துச்சு உங்களுக்கு?"ன்னு கோமதி கேட்டா. சாயங்காலம் ஷாட்டு முடிஞ்ச பிறகுதான் குடுத்தானுங்கன்னேன். சரின்னா. அதுக்கப்புறம் அவ அதைப் பத்திப் பேசினதே இல்லை.

அது கிடக்கட்டும். குரல் விஷயத்துக்கு வரேன்.

தை மாசம் டப்பிங்னு சொல்லியிருந்தாங்க. தொண்டைக்குத் தேனும் மிளகுமா சாப்பிட்டுக்கிட்டு காத்திருக்கேன். கூப்பிடவே இல்ல. மாசியும் போச்சு. ஒருநாள் பிரிவியூன்னு கார் வந்துச்சு. கோமதியைக் கூட்டிக்கிட்டுப் போறேன். லைட்டை அணைச்சாங்க. கேட் கீப்பர் வரான். நான்தான், என் மூஞ்சிதான். வாயைத் திறக்கறான். வேற எவனோ பேசறான் தம்பி!

மெதுவான குரல், தேஞ்ச குரல், பக்கத்துல உக்காந்து பேசற மாதிரி. தியேட்டர் பூரா அழுதுக்கிட்டிருக்கு. நான் கோமதியைத் திரும்பிப் பாக்கறேன், அவளும் அழறா. என் வாய்க்குள்ள இன்னொருத்தன் பேசறான், என் பொண்டாட்டி அழறா.

வெளியில வந்து சத்தியசீலன் கையைப் பிடிச்சேன். "அண்ணே, உங்க குரல்ல நாடக வாடை வருதுண்ணே. இந்தக் கதைக்கு ஒட்டல. முன்னாடியே சொன்னா மனசு கஷ்டப்படுவீங்கன்னுதான்..." மனசு கஷ்டப்படுவேன்னு தெரிஞ்சிருக்கு பாருங்க.

பேசினவன் பேரு ஜீவரத்தினம். டப்பிங்குக்குன்னே இருக்கற ஆளு. ஒல்லியா, வெத்தலை போட்டுக்கிட்டு. அந்த வருஷம் ஒரு சினிமா ரசிகர் சங்கத்துல விருது குடுத்தாங்க. எனக்கில்ல, அவனுக்கு. பத்திரிகையில எழுதினாங்க, 'கேட் கீப்பரின் குரல் நம்மை விட்டு அகல மறுக்கிறது.' நான் வெட்டி வெச்சிருக்கேன். எதுக்கு வெட்டி வெச்சேன்னு எனக்கே தெரியல.

விருது வாங்கின மறு வாரம் அவன் எங்க வீட்டுக்கு வந்தான். பழத்தோட. நான் உள்ரூமை விட்டு வரல. கோமதி காப்பி குடுத்துப் பேசிக்கிட்டிருக்கா. எனக்கு உள்ள கேக்குது, அதே குரல், என் வீட்டுக் கூடத்துல. பையனுக்குக் காது எப்படிப் போச்சு, என்ன வைத்தியம் பாக்கறீங்கன்னு விசாரிக்கறான். திருச்சில காது கேக்காத பிள்ளைங்களுக்கு ஒரு பள்ளிக்கூடம் இருக்கு, அங்க ஒரு சிஸ்டர் எனக்குத் தெரிஞ்சவங்கன்னு சொல்றான். அடுத்த வாரமே லெட்டர் எழுதி, அவனே கூட வந்து பையனைச் சேத்துவிட்டான். பாருங்க தம்பி, மனுசனுக்கு ஒரு அளவு வேணாமா? குரலை எடுத்துக்கிட்டே, சரி. என் வீட்டு விஷயத்துல உனக்கென்ன வேலை? நான் எங்க சேக்கணும்னு யோசிச்சுக்கிட்டுத்தான் இருந்தேன். எனக்கு அப்ப வரிசையா மூணு படம், இன்ஸ்பெக்டர்.

கோமதி பையனோடயே திருச்சியில ஒரு ரூம் எடுத்துத் தங்கிட்டா. அவளும் கூடவே உக்காந்து கைப்பாஷையைக் கத்துக்கிட்டா. லீவுக்கு வருவாங்க. ரெண்டு பேரும் எதிரெதிர உக்காந்து கையை ஆட்டி ஆட்டிப் பேசுவாங்க, திடீர்னு விழுந்து விழுந்து சிரிப்பாங்க. நான் டிவி பாத்துக்கிட்டிருப்பேன். என்னடின்னு கேட்டா, "ஒண்ணுமில்லீங்க, சும்மா"ம்பா. நான் கத்துக்கல. எங்க நேரம்? எனக்கு ஏதாவது சொல்லணும்னா கோமதிகிட்ட சொல்லுவேன், அவ அவனுக்குச் சொல்லுவா. நல்லாத்தான் ஓடிக்கிட்டிருந்துச்சு.

ஜீவரத்தினம் செத்ததுக்குக் கோமதி போனா. நான் போகல. மூணு வருஷம் முன்னாடி கோமதியும் போயிட்டா. தூக்கத்துலயே. நான் அழலைன்னு சொந்தக்காரங்க பேசிக்கிட்டாங்களாம். டப்பிங்குக்கு ஆள் கூப்பிட்டிருக்கணும் போல.

தண்ணி வெச்சிருக்கீங்களா? ஒரு வாய். போதும்.

குகன் இப்பத் திருச்சியிலதான். பல் செட்டு செய்யற லேப் வெச்சிருக்கான். நல்ல கைராசி, டாக்டருங்க தேடி வராங்க. என் வாயில இருக்கறதே அவன் செஞ்சதுதான். அவன் சம்சாரம் பேரு அற்புதம். அவன் படிச்ச பள்ளிக்கூடத்துலயே டீச்சர். அந்தப் பொண்ணுக்குக் காது கேக்கும், கையும் பேசும். போன வாரம் போன் பண்ணுச்சு. "மாமா, நம்ம 'இருபத்தேழாம் கேட்' படம் நல்ல பிரிண்ட் கிடைச்சிருக்கு. இங்க காது கேளாதோர் சங்கத்துல போடறோம். நீங்க வரணும்னு இவரு சொல்றாரு." இவரு சொல்றாரான்னு ரெண்டு தரம் கேட்டேன். ஆமாம் மாமான்னுச்சு.

நேத்து மத்தியானம் போட்டாங்க. எரநூறு பேரு இருப்பாங்க. ஒரு சத்தம் இல்ல. ஸ்பீக்கரே வைக்கல தம்பி, எதுக்கு வைக்கணும்? வசனம் கீழ எழுத்துல ஓடுது. ஜீவரத்தினம் இல்லாம அந்தப் படத்தை நான் முத முறையாப் பாக்கறேன். முப்பத்தொம்பது வருஷமா இதுக்குத்தானே ஏங்கினேன், என் மூஞ்சி மட்டும், வேற யாரும் இல்லாம. சந்தோஷமா இருக்கும்னு நெனச்சேன். ஒண்ணும் தோணல. ஏசி குளிருது, சால்வை கொண்டாந்திருக்கலாமேன்னு தோணுச்சு. அவ்வளவுதான்.

கடைசி ஷாட்டு வந்துச்சு. ரயில் போகுது. நான் நிக்கறேன். முடிஞ்சு லைட்டு போட்டதும் எல்லாரும் ரெண்டு கையையும் மேல தூக்கி ஆட்டறாங்க. எழுந்து போன்னு சொல்றாங்களோன்னு நெனச்சுட்டேன். அற்புதம், "கைதட்டறாங்க மாமா"ன்னுச்சு.

அப்புறம் குகன் மேடையில ஏறினான். கையால பேசறான். அற்புதம் என் காதுல சொல்லிக்கிட்டே வருது. "எங்கப்பா இருநூத்துச் சொச்சம் படம் பண்ணியிருக்காருங்கறார்... எல்லாத்தையும் பாத்திருக்கேங்கறார்... எங்களை மாதிரி ஆளுங்களுக்கு மூஞ்சிதான் பேச்சு, மூஞ்சியில எது நடிப்பு, எது நெஜம்னு எங்களுக்குத் தெரியும்ங்கறார்... இந்தக் கடைசி ஷாட்டுல..." அதோட நிறுத்திடுச்சு. ஹால்ல எரநூறு பேரும் திரும்பி என்னைப் பாக்கறாங்க. என்னம்மா சொல்றான்னு கேட்டேன். அது தலையைக் குனிஞ்சுக்கிட்டு, "இந்தக் கடைசி ஷாட்டுல இவர் நடிக்கலைங்கறார் மாமா"ன்னுச்சு.

பாராட்டாத்தான் சொல்றான்னு நெனச்சேன். நெஜமாத்தான் தம்பி. வீட்டுக்கு வந்து சாப்பிட உக்காந்தோம். அற்புதம் இடியாப்பம் வெச்சிருந்துச்சு. அவன் ஒரு நோட்டை எடுத்து எழுதி என் பக்கம் தள்ளினான். அழகான கையெழுத்து.

'அன்னிக்கு அந்த ரயில் வரும்போது என்னைப் பத்தின சேதி உங்களுக்குத் தெரியும்.'

கேள்வி இல்ல பாருங்க. நான் பேனாவை வாங்கி, 'யார் சொன்னது?'ன்னு எழுதினேன். அவன் விரலை நீட்டி என் மூஞ்சியைக் காட்டினான். அப்புறம் எழுதினான். 'பன்னிரண்டு வயசுல டிவியில பார்த்தேன். அப்பவே தெரிஞ்சது. அம்மாகிட்ட கேட்டேன். அம்மாவுக்கு முன்னாலேயே தெரியும்.'

லாட்ஜுக்காரன் சொல்லியிருப்பான். அவ மறுபடி கூப்பிட்டிருப்பா, மதியமே குடுத்துட்டேம்மான்னு போன்ல சொல்லியிருப்பான். அப்படின்னா நான் அவகிட்ட அந்தப் பொய்யைச் சொன்ன நிமிஷமே அவளுக்குத் தெரியும். சரின்னாளே. முப்பத்தாறு வருஷம் தெரிஞ்சுக்கிட்டே சோறு போட்டிருக்கா, துணி தொவைச்சிருக்கா, போலீஸ் உடுப்புக்கு இஸ்திரி போட்டிருக்கா. நானும் சாப்பிட்டுக்கிட்டே ஜீவரத்தினத்தைத் திட்டிக்கிட்டிருந்திருக்கேன்.

'அம்மா என்ன சொன்னா?'ன்னு எழுதினேன்.

அவன் நோட்டைத் தன் பக்கம் இழுத்துக்கிட்டான். அப்புறம் எழுதினான். 'அப்பாகிட்ட இதைக் கேக்காதேன்னு சொன்னாங்க. அவருக்கு அந்த ஒரு படம்தான் இருக்குன்னு சொன்னாங்க.'

இடியாப்பம் ஆறிப்போச்சு. அற்புதம் சூடு பண்ணித் தரவான்னுச்சு. வேணாம்மான்னுட்டு அப்படியே சாப்பிட்டேன். எனக்கு அழுகை வரல தம்பி. கோவமும் வரல. கட் சொல்ற வரைக்கும் நிக்கற மாதிரி இருந்துச்சு, யாரும் சொல்லல. குகன் நோட்டை மூடிட்டு என் தட்டுல இன்னும் ரெண்டு இடியாப்பம் எடுத்து வெச்சான். கோவமா இருக்கானான்னு பாத்தேன். எனக்கு மூஞ்சி படிக்கத் தெரியாது.

இன்னிக்குக் காலையில அற்புதத்துக்கிட்ட கேட்டேன். "மன்னிச்சுக்கோன்னு கையில எப்படிம்மா சொல்றது?" அது என்னை ஒரு மாதிரி பாத்துட்டு, விரலை மடக்கற விதம், கையை வைக்கற இடம் எல்லாம் காட்டுச்சு. பாத்ரூம் கண்ணாடி முன்னாடி நின்னு ஒரு மணி நேரம் செஞ்சு பாத்தேன்.

குகன்தான் ஸ்கூட்டர்ல பஸ் ஸ்டாண்டுக்குக் கொண்டாந்து விட்டான். பையை மேல வெச்சுட்டு ஜன்னல் பக்கமா வந்து நின்னான். நான் ஜன்னல் வழியாக் கையை எடுத்துச் செஞ்சேன். அவன் புரியாம பாத்தான். என்னங்கற மாதிரி தலையை ஆட்டினான். திரும்பவும் செஞ்சேன். இல்லை இல்லைன்னு தலையாட்டிட்டு, ஜன்னலுக்குள்ள கையை விட்டு என் விரலைப் பிடிச்சான். கட்டை விரல் வெளியில இருக்கக் கூடாதாம். உள்ள மடக்கி விட்டான். மணிக்கட்டைத் திருப்பி விட்டான். பல் செட்டைத் திருப்பிப் பாக்கற மாதிரியே பாத்து, இப்பச் செய்யுங்கன்னு சைகை பண்ணினான். முப்பத்தொம்பது வருஷத்துல அவன் என் கையைப் பிடிச்சதே அப்பத்தான்னு நெனைக்கறேன். மூணாந்தரம் செய்யறதுக்குக் கையைத் தூக்கறேன், டிரைவர் வண்டியை எடுத்துட்டான்.

நான் செஞ்சேன். வண்டி திரும்பறதுக்குள்ள செஞ்சு முடிச்சுட்டேன். ஆனா அதுக்குள்ள குறுக்க ஒரு டவுன் பஸ்ஸு வந்து நின்னுடுச்சு. அவன் பாத்தானா இல்லையான்னு தெரியல.